யொரூபாப் பெயர்கள்: பட்டியலில் உள்ள பொருளைச் சரிபார்ப்பது எப்படி?

“ஷாடே – பெண் – ஆப்பிரிக்கப் பெயர் – கிரீடம்.” குழந்தைப் பெயர்ப் புத்தகங்களில் யொரூபாப் பெயர்கள் பெரும்பாலும் இப்படி ஒற்றை வரியில்தான் இருக்கும். இந்த வரியில் பொய் என்று எதையும் சுட்டிக்காட்ட முடியாது. ஆனால் எந்த மொழி என்பது இல்லை, முழுப்பெயர் இல்லை, அந்தப் பெயர் சொல்லவந்த செய்தியும் இல்லை. 1959இல் இபாடான் நகரில் பிறந்த பாடகி ஷாடே அடுவின் முழுப்பெயர் ஹெலன் ஃபோலாஷாடே அடு. ஃபோலாஷாடே என்பதற்குள் நான்கு சொற்கள் இருக்கின்றன: ஃபி (கொண்டு), ஓலா (மேன்மை), ஷே (ஆக்கு), அடே (கிரீடம்). மேன்மையையே கிரீடமாக்கிச் சூடுவது என்று பொருள். பட்டியல்காரர் கடைசிச் சொல்லை மட்டும் பிடித்துக்கொண்டு மற்ற மூன்றையும் விட்டுவிட்டார்.

நைஜீரியாவின் தென்மேற்கிலும், பெனின், டோகோ நாடுகளிலும் வாழும் யொரூபா மக்களின் பெயர்களில் பெரும்பாலானவை வாக்கியங்கள். எழுவாய் இருக்கும், வினை இருக்கும், செயப்படுபொருளும் இருக்கும். ‘மகிழ்ச்சி வீடு வந்து சேர்ந்தது’ என்று ஒரு பெயர் (அயோடேலே). ‘அப்பா திரும்பி வந்துவிட்டார்’ என்று இன்னொன்று (பாபாட்டுண்டே). அன்றாடம் கூப்பிடும்போது இந்த வாக்கியம் முறிந்து ஒரு துண்டு மட்டும் மிஞ்சுகிறது. பட்டியல்களுக்குள் வருவது அந்தத் துண்டுதான். எனவே பொருளைச் சரிபார்க்க உட்காருகிறவர் முதலில் பெயரை வாக்கியமாகத் திருப்பிக் கட்ட வேண்டும். யொரூபாக் குடும்பத்தில் சம்பந்தம் செய்தவர்கள், நைஜீரிய நாவல்களை மொழிபெயர்ப்பவர்கள், பத்திரிகையில் பெயர்ப் பத்தி எழுதுபவர்கள், கதை மாந்தருக்குப் பெயர் தேடுபவர்கள் என எல்லாருக்கும் வேலை இங்கிருந்துதான் தொடங்குகிறது.

துண்டிலிருந்து முழுப்பெயருக்கு

‘டுண்டே’ என்ற பெயரைப் பாருங்கள். ‘மறுபடி வந்தது’ என்பதற்கு மேல் அதில் ஒன்றுமில்லை. வந்தது யார் என்பது முன்பாதியில் இருக்கிறது. பாபாட்டுண்டே என்றால் வந்தவர் அப்பா. அயோட்டுண்டே என்றால் வந்தது மகிழ்ச்சி. அடேட்டுண்டே என்றால் கிரீடம். ‘டுண்டே என்றால் அப்பா திரும்பினார்’ என்று எழுதும் பட்டியல், பாபாட்டுண்டேயின் பொருளை எடுத்து வாலில் ஒட்டியிருக்கிறது. போதாக்குறைக்கு, ‘அப்பா’ என்ற சொல்லையும் அப்படியே எடுத்துக்கொள்ளக் கூடாது. தாத்தாவோ குடும்பத்து மூத்த ஆணோ இறந்தபிறகு பிறக்கும் ஆண்பிள்ளைக்கு வைக்கும் பெயர் இது. முன்னோரே மீண்டும் பிறந்திருக்கிறார் என்ற நம்பிக்கை அதன் பின்னால் நிற்கிறது. பாட்டி காலமானபின் பிறக்கும் பெண்குழந்தைக்கு யேட்டுண்டே அல்லது இயாபோ. இதைச் சொல்லாமல் ‘அப்பா திரும்பினார்’ என்று மட்டும் போட்டால், வெளியூர் போன அப்பா ஊருக்கு வந்த நாளில் பிறந்த குழந்தை என்று வாசகர் நினைத்துக்கொள்வார்.

‘புன்மி’ இன்னும் நல்ல எடுத்துக்காட்டு. புன் என்றால் கொடையாகக் கொடு, மி என்றால் எனக்கு. ‘எனக்குக் கொடுத்தார்’. கொடுத்தது யார்? ஒலுபுன்மி என்றால் ஆண்டவர். ஃபாபுன்மி என்றால் இஃபா, அதாவது குறிகேட்கும் மரபின் தெய்வம். ஓகுன்புன்மி என்றால் இரும்பின் தெய்வமான ஓகுன். வால் ஒன்றுதான். ஆனால் தலை மாறும்போது அந்த வீட்டில் யாரைக் கும்பிட்டார்கள் என்பது தெரிந்துவிடுகிறது. கிறித்தவம் பரவியபின் பல குடும்பங்கள் இஃபாவையும் ஓகுனையும் எடுத்துவிட்டு ஒலு என்றும், சில இடங்களில் ஜேசு என்றும் முன்னொட்டை மாற்றிக்கொண்டன. ‘புன்மி: என் பரிசு’ என்று எழுதும் பட்டியலில் இந்த வரலாறு முழுவதும் காணாமல் போகிறது.

ஒருவரிடம் ‘வாலே’ என்ற பெயர் இருந்தால் அவர் அடேவாலேயா, ஓலாவாலேயா, அக்கின்வாலேயா என்று கேட்காமல் பொருள் எழுதக் கூடாது. வாலேயையும் வோலேயையும் ஒன்றாக்கவும் கூடாது. முன்னது ‘வீட்டுக்கு வந்தது’, பின்னது ‘வீட்டுக்குள் நுழைந்தது’. 1986இல் இலக்கிய நோபல் பெற்ற வோலே சோயிங்காவின் பெயரில் இருப்பது பின்னது. அவருடைய முழுப்பெயர் அக்கின்வாண்டே ஒலுவோலே பாபாட்டுண்டே சோயிங்கா.

முன்னொட்டுகள் குடும்பத்தின் தொழிலையும் காட்டும். மரபுப்படி அடே (கிரீடம்) அரச குடும்பத்துப் பெயர்களின் முன் வந்தது, அயான் மேளக்காரர் வீடுகளில், ஓடே வேட்டைக்காரர் வீடுகளில். இன்று அடே எல்லார் வீட்டிலும் இருக்கிறது. ஆகவே ‘அடே என்று தொடங்கினால் இளவரசர்’ என்று சொல்லும் குறிப்பை அப்படியே ஏற்காதீர்கள்.

இது யொரூபாதானா?

1960, 70களில் அமெரிக்கக் கறுப்பின மக்கள் ஆப்பிரிக்கப் பெயர்களைத் தேடிச் சூட்டத் தொடங்கியபோது பல சிறு பெயர்ப் புத்தகங்கள் வந்தன. ஒரு கண்டத்தின் நூற்றுக்கணக்கான மொழிகளை ஒரே அட்டைக்குள் அடக்கும் பழக்கம் அவற்றோடு வேரூன்றியது. இன்றும் இக்போப் பெயரான என்கோசி, அக்கான் பெயரான குவாமே, சுவாஹிலிப் பெயரான இமானி எல்லாம் யொரூபாவோடு கலந்து கிடக்கக் காணலாம். ஒசாஸே, ஒசாகியே போன்ற எடோ மக்களின் பெயர்களும் அண்டை நிலத்துப் பெயர்கள் என்பதால் எளிதில் இந்தப் பட்டியலுக்குள் வந்துவிடும்.

முதல் சல்லடைக்கு மொழியின் அமைப்பே உதவும். யொரூபாவை ரோமன் எழுத்தில் எழுதுகிறார்கள். அதன் நெடுங்கணக்கில் 25 எழுத்துகள். சி, க்யூ, வி, எக்ஸ், இஸட் என்ற ஐந்து ஆங்கில எழுத்துகளும் அதில் இல்லை. சொல் உயிரொலியில்தான் முடியும். இறுதியில் எழுதும் ‘என்’ எழுத்துக்கூட உயிரை மூக்கால் ஒலிக்கச் சொல்லும் அடையாளமே. மெய்யோடு மெய் மோதுவதும் கிடையாது. பொதுவழக்கில் சொல் ‘உ’வில் தொடங்காது, எகிட்டி போன்ற வட்டாரங்களில் தொடங்கும். ‘இஸட்’ உள்ள பெயரையோ ‘டி’யில் முடியும் பெயரையோ யொரூபா என்று கண்டால் உடனே அடிக்கோடிடுங்கள். ஆனால் சல்லடையைத் தாண்டிவிட்டது என்பதாலேயே அது யொரூபா ஆகிவிடாது. இமானி இந்த விதிகள் எல்லாவற்றுக்கும் பொருந்தி வரும்.

யொரூபா முஸ்லிம்களின் பெயர்கள் தனி. அரபுப் பெயர்கள் யொரூபா வாய்க்கு ஏற்ப உருமாறும். ரஸாக் என்பது ரசாக்கி ஆகும். அதை ‘தூய யொரூபாச் சொல்’ என்று பிரித்துப் பொருள் காண முயல்வது வீண். அதே சமயம், அதை வைத்திருப்பவர் யொரூபாக்காரர்தான்.

புள்ளியும் கோடும்

பிழைகளில் மிகுதியானவை பிறக்கும் இடம் இது. இங்கே நிதானமாக நிற்க வேண்டும்.

யொரூபா எழுத்தில் இ, ஓ, எஸ் ஆகிய மூன்று ரோமன் எழுத்துகளின் கீழே புள்ளி வரும். புள்ளி வைத்த எஸ் ‘ஷ’ ஆகும். புள்ளி வைத்த இ, ஓ இரண்டும் வாயை அகலத் திறந்து சொல்லும் ஒலிகள். இதற்கு மேல் ஒவ்வொரு அசைக்கும் உயர்ந்த, நடுத்தர, தாழ்ந்த என்று மூன்று சுரநிலைகளில் ஒன்று உண்டு. உயிரெழுத்தின் தலைமேல் வலப்பக்கம் ஏறும் கோடு உயர்சுரம், இறங்கும் கோடு தாழ்சுரம், கோடு இல்லாவிட்டால் நடுச்சுரம். கடவுச்சீட்டிலும் பள்ளிச் சான்றிதழிலும் வங்கிக் கணக்கிலும் இந்தக் குறிகள் பெரும்பாலும் இருக்காது. யொரூபாக்காரர்களே அன்றாட எழுத்தில் விட்டுவிடுகிறார்கள். அவர்களுக்குச் சுரம் காதில் இருக்கிறது, நமக்கு இல்லை.

ஓ-கே-ஓ என்ற மூன்றெழுத்தை எடுத்துக்கொள்ளுங்கள். குறிகள் எதுவும் இல்லாமல் எழுதினால் வயல். இரண்டு ஓவுக்கும் கீழே புள்ளி வைத்தால் கணவன். அதில் கடைசி ஓவின் மேல் ஏறும் கோடு போட்டால் மண்வெட்டி. இறங்கும் கோடு போட்டால் வண்டி அல்லது படகு. இரண்டின் மேலும் இறங்கும் கோடு போட்டால் ஈட்டி. 1845 முதல் 1851 வரை லாகோஸை ஆண்ட மன்னரின் பெயர் கொசோக்கோ. குறியில்லாத எழுத்தைப் பார்த்து அகராதியோடு உட்காருகிறவர் ‘கணவன் இல்லை’ என்று எழுதிவிட முடியும். குறிகளோடு படித்தால் ‘மண்வெட்டி இல்லை’. எதற்கு மண்வெட்டி? குழி தோண்ட. பிறந்து பிறந்து இறக்கும் குழந்தைகளுக்குப் பின் வந்த பிள்ளைக்கு, ‘உன்னைப் புதைக்க இங்கே கருவி இல்லை, இருந்துவிடு’ என்று சொல்லும் பெயர் அது. இரண்டு பொருளுக்கும் நடுவில் இருப்பது ஒரு கோடுதான்.

‘ஓகுன்’ இன்னொரு சிக்கல். சுரத்தைப் பொறுத்து அது போர், இரும்பின் தெய்வம், இருபது என்ற எண், பரம்பரைச் சொத்து, ஓர் ஆற்றின் பெயர் என எதுவாகவும் இருக்கலாம். நைஜீரியாவின் முன்னாள் அதிபர் ஒபசாஞ்ஜோவின் முதற்பெயரான ஒலுஷேகுனில் உள்ளது போர்: ‘ஆண்டவர் போரில் வென்றார்’. அதைத் தெய்வப் பெயராக்கிவிட்டால், கிறித்தவக் குடும்பத்துப் பெயரில் இரும்புத் தெய்வத்தைக் கொண்டுவந்து வைத்தவர் ஆவீர்கள். ‘அயோ’வில் ஓவுக்குக் கீழே புள்ளி இருந்தால் மகிழ்ச்சி. புள்ளி போனால், பலகைக் குழிகளில் விதைகளைப் போட்டு ஆடும் ஆட்டத்தின் பெயர். நம் பல்லாங்குழியின் இனத்தைச் சேர்ந்த ஆட்டம் அது.

எழுத்துமுறை மாறியதையும் கணக்கில் வையுங்கள். 1974இல் நைஜீரியாவில் ஏற்கப்பட்ட புதிய எழுத்துமுறையில் பல சொற்களின் எழுத்து மாறியது, குடும்பப் பெயர்கள் பழைய எழுத்திலேயே தங்கிவிட்டன. இரட்டையரில் ஒருவருடைய பெயரைக் கெஹிண்டே என்றும் கெயிண்டே என்றும் எழுதக் காணலாம். இரண்டும் ஒரே பெயர். டுரோஜாயேயின் நடுவே ஒரு ‘ஐ’ கூடுதலாக இருந்தால் அது பிழையல்ல, பழைய எழுத்து. இவற்றை இரண்டு தனிப் பெயர்களாகப் போட்டு இரண்டு வெவ்வேறு பொருள் தரும் பட்டியலை மூடிவைத்துவிடலாம்.

தமிழில் எழுதும்போது நமக்கு ஒரு கூடுதல் இடர் உண்டு. யொரூபாவின் ‘பி’ உண்மையில் ‘க்’கும் ‘ப்’பும் ஒரே கணத்தில் வெடிக்கும் ஒலி. டோப்பே என்று நாம் எழுதுவதை அவர்கள் ஏறத்தாழ டோக்பே என்பார்கள். தமிழ் எழுத்தில் முழுமையாக வராது. ஆகவே தமிழ் வடிவத்தை மட்டும் வைத்துக்கொண்டு யாரிடமும் பொருள் கேட்கப் போகாதீர்கள். குறிகளோடு கூடிய மூல எழுத்தைக் கையில் வைத்திருங்கள். அச்சுக்குப் போகும்போது எழுத்துருவில் புள்ளி உதிர்ந்துவிடுகிறதா என்றும் பாருங்கள்.

யாருக்கு வைக்கும் பெயர்?

பொருள் சரியாக இருந்தும் தகவல் தவறாகிவிடும் இடம் ஒன்று உண்டு. யொரூபாப் பெயர்களில் அமுட்டோருன்வா என்ற வகை ‘வானிலிருந்து கொண்டுவந்த’ பெயர்கள். பெற்றோர் தேர்ந்தெடுப்பதில்லை, பிறந்த விதமே பெயரைத் தீர்மானிக்கிறது. கால் முதலில் வெளிவந்தால் இகே. முகம் குப்புறப் பிறந்தால் அஜாயி. பிறக்கும்போதே தலைமுடி சடையாகத் திரண்டிருந்தால் டாடா. 1843இல் யொரூபாச் சொற்றொகுதியை வெளியிட்டு, 1864இல் ஆங்கிலிக்கன் சபையின் முதல் ஆப்பிரிக்கப் பேராயரான சாமுவேல் அஜாயி க்ரௌதரின் நடுப்பெயர் இந்த வகைதான்.

இரட்டையரில் முதலில் வெளிவருவது டைவோ, பின்னால் வருவது கெஹிண்டே. டைவோதான் மூத்தவர் என்று பட்டியல்கள் எழுதும். யொரூபா வழக்கில் கெஹிண்டேதான் மூத்தவர். உலகம் எப்படி இருக்கிறது என்று சுவைத்துப் பார்த்துவரத் தம்பியையோ தங்கையையோ முன்னால் அனுப்பியவர் அவர். இரட்டையருக்குப் பின் பிறப்பது இடோவு, அதற்கடுத்தது அலாபா. ஓசை பிடித்திருக்கிறதே என்று தலைப்பிள்ளைக்கு இடோவு என்று வைத்தால், பெயரைக் கேட்கும் எந்த யொரூபாக்காரரும் ‘இரட்டையர் எங்கே?’ என்றுதான் கேட்பார்.

அபிக்குப் பெயர்களில் இன்னும் கவனம் வேண்டும். இறந்து மீண்டும் மீண்டும் பிறப்பதாக நம்பப்பட்ட குழந்தைகளை இருக்கவைக்கும் பெயர்கள் இவை. கொசோக்கோ இதில் சேரும். மாலோமோ: ‘இனிப் போகாதே’. டுரோஜாயே: ‘இருந்து வாழ்வை அனுபவி’. டுரோசின்மி: ‘இருந்து என்னை அடக்கம் செய்’. பட்டியல்கள் இவற்றை ‘நீண்ட ஆயுள்’ என்று மெழுகிவிடுகின்றன. இழப்பைச் சந்தித்த தாய் தகப்பனின் மன்றாட்டு அந்தப் பெயர்களில் இருக்கிறது. அதை மறைப்பது அவர்களுக்குச் செய்யும் அநீதி என்றே நான் கருதுகிறேன்.

ஒரிக்கி என்ற செல்லப் புகழ்ப்பெயர்களில் ஆண் பெண் வேறுபாடு கறாராக உண்டு. அஜோக்கே, அடுக்கே போன்று ‘க்கே’யில் முடிபவை பெண்ணுக்கு, அஜானி, அக்கான்னி ஆணுக்கு. மற்றபடி டைவோ, கெஹிண்டே, அயோடேலே, ஒலுவாஷேயுன் போன்ற ஏராளமான பெயர்கள் இருபாலருக்கும் பொது. ‘ஆண் மட்டும்’ என்ற முத்திரையைக் கண்டால் ஐயப்படுங்கள்.

எங்கே தேடுவது, யாரைக் கேட்பது

பத்துப் பட்டியல்களில் ஒரே பொருள் இருந்தால் பத்துச் சான்று என்று எண்ணிவிடாதீர்கள். வாசகத்தை ஒப்பிடுங்கள். அதே சொற்கள், அதே எழுத்துப்பிழை என்றால் ஒன்றைப் பார்த்து மற்றவை எழுதியவை, ஆக ஒரே சான்றுதான். குறியில்லாத பெயரைத் தானியங்கி மொழிபெயர்ப்பில் போட்டுக் கிடைக்கும் விடையைச் சான்றாகவே எடுக்காதீர்கள்.

நம்பிக்கைக்குரிய நூல்கள் இருக்கின்றன. அடேபோயே பாபலோலாவும் ஒலுபோயேகா அலாபாவும் தொகுத்து 2003இல் வந்த யொரூபா ஆட்பெயர் அகராதி குறிகளோடு பெயர்களைத் தருகிறது. மொடுப்பே ஒடுயோயேவின் 1972ஆம் ஆண்டு நூல் பெயர்களின் அமைப்பைப் பிரித்துக் காட்டுகிறது. தனிச் சொற்களுக்கு ஆர். சி. ஆபிரகாமின் 1958 அகராதி இன்றும் உதவும், எழுத்துமுறை பழையது என்பதை மட்டும் மனத்தில் வையுங்கள். வழக்கங்களுக்குச் சாமுவேல் ஜான்சனின் யொரூபா வரலாறு. 1897இல் எழுதி முடித்த கைப்படி தொலைந்துபோக, அவர் தம்பி மீட்டெழுதி 1921இல் வெளியானது. ஆண்குழந்தைக்கு ஒன்பதாம் நாள், பெண்ணுக்கு ஏழாம் நாள், இரட்டையருக்கு எட்டாம் நாள் பெயர் சூட்டியதை அவர் பதிவுசெய்கிறார். இன்று எல்லாருக்கும் எட்டாம் நாளே பொதுவழக்கு. ஆகவே இரண்டு நூல்களில் நாள் மாறியிருந்தால், ஒன்று தவறு என்று முடிவுகட்டாமல் எந்தக் காலத்தைச் சொல்கிறது என்று பாருங்கள். இணையத்தில் மொழியியலாளர் கோலா டுபோசுன் தொடங்கி 2016இல் பொதுவில் திறந்த பெயர் அகராதி குறிகளையும் சொற்பிரிப்பையும் தருகிறது. பொதுமக்கள் பங்களிப்பால் வளர்வதால், சொற்பிரிப்பு இல்லாத பதிவுகளை நூலோடு ஒத்துப்பார்த்து எடுத்துக்கொள்வது நல்லது.

இவை எல்லாவற்றுக்கும் பிறகு மனிதரைக் கேளுங்கள். குறிப்பிட்ட ஒருவருடைய பெயர் என்றால், அவரையோ அவர் வீட்டுப் பெரியவரையோ விடச் சிறந்த சான்று கிடையாது. பெயர் சூட்டும் நாளில் தேன், உப்பு, தண்ணீர், கோலாக்கொட்டை என ஒவ்வொன்றாகக் குழந்தையின் நாவில் தொட்டுவைத்து வாழ்த்துகிறார்கள். தாத்தா பாட்டி, அத்தை மாமன் என்று ஆளாளுக்கு ஒரு பெயர் கொடுக்கிறார்கள். எந்தப் பெயரை யார் கொடுத்தார், அப்போது வீட்டில் என்ன நடந்திருந்தது என்பதை எந்த அகராதியும் சொல்லாது. வீட்டைப் பார்த்துத்தான் பிள்ளைக்குப் பெயர் வைப்போம் என்று யொரூபாவில் ஒரு பழமொழியே இருக்கிறது. ‘உங்கள் பெயருக்கு என்ன அர்த்தம்?’ என்று மொட்டையாகக் கேட்காதீர்கள். முழுப்பெயர் என்ன, புள்ளியும் கோடும் எங்கெங்கே, யார் வைத்தார்கள், ஏன் வைத்தார்கள் என்று கேளுங்கள். சொல்லச் சொல்லிப் பதிவு செய்துகொள்ளுங்கள். நாவலின் பாத்திரப் பெயர் என்றால், அந்த நாவலின் ஊரையும் காலத்தையும் அறிந்த யொரூபா வாசகர் ஒருவரிடம் காட்டுங்கள். லாகோஸில் வளர்ந்த இளைஞரும் எகிட்டிக் கிராமத்துப் பாட்டியும் ஒரே பெயருக்கு வேறு விளக்கம் தரலாம். இரண்டையும் யார் சொன்னது என்ற குறிப்போடு எழுதிவையுங்கள்.

இவ்வளவுக்குப் பிறகும் குறிகள் கிடைக்கவில்லை, முழுப்பெயர் தெரியவில்லை என்றால், பெயரை மட்டும் அச்சிடுங்கள். பொருளை அச்சிட வேண்டாம்.